சிறு வேடங்களின் பெருங்கலைஞர்

நாடகம் என்றதும் நம் நினைவுக்கு முதலில் வருவோர் அரசனாகவும் காதலனாகவும் வீரனாகவும் தோன்றுபவர்களே. விளம்பரத் தாள்களிற் பெரிய எழுத்தில் இடம் பெறுவது அவர்களுடைய பெயர். கரகோஷத்திற் பெரும்பங்கும் அவர்களுக்கே உரியது. பாடசாலை ஆண்டு விழாவுக்கு நாடகம் பழக்கியவர்கள் இதனை நன்கு அறிவார்கள். மன்னன் வேடத்துக்குப் பத்து மாணவர் முன்வருவர். ஓலை கொண்டுவரும் தூதனாக நிற்பதற்கு ஒருவரும் இலகுவில் இசையார். ஆயினும் அந்தத் தூதன் தடுமாறினால், அவன் கொணர்ந்த செய்தி கேட்டு மன்னன் கொள்ளும் சினமும் துயரமும் பொருளற்றுப் போய்விடும் என்பது, ஒத்திகை தொடங்கிச் சில நாள்களுக்குள் எல்லோர்க்கும் விளங்கிவிடும்.

இத்தகைய வேடங்களைத் தம் வாழ்நாட் பணியாக ஏற்றுக்கொள்ளும் கலைஞரையே குணசித்திர நடிகர் என்கின்றோம். கடைக்காரர், எழுதுவினைஞர், நாவிதர், கஞ்சர், குடிகாரர், திருடர், முதியவர் என்று உலகில் நாம் நாள்தோறும் காணும் மாந்தரை அவர்கள் மேடையிலும் திரையிலும் நடமாட விடுகின்றனர். கதாநாயகனாக நடிப்பவர் எந்தக் கதையிலும் பெரும்பாலும் தம்மையே நமக்குக் காட்டுகின்றார். குணசித்திர நடிகரோ கதைக்குக் கதை வேறொரு மனிதராகி விடுகின்றார். அதனாலேயே அவருடைய முகத்தை நினைவில் வைத்திருக்கும் நாம் அவருடைய பெயரை மறந்துவிடுகின்றோம்.

அவ்வாறு பெயர் மறக்கப்பட்ட ஜேர்மன் நடிகர் ஒருவரைப் பற்றி இங்கே எடுத்துக்கூற விரும்புகின்றேன். அவர் பெயர் கூர்ட் போய்ஸ். மேடை, ஊமைப்படம், பேசும்படம், தொலைக்காட்சி ஆகிய நான்கிலும் அவர் நடித்தார். அவர் திரையில் முதன்முதலாகத் தோன்றிய ஆண்டு 1907. உலகம் போற்றிய அவருடைய முதுமைக்கால வேடம் திரைக்கு வந்த ஆண்டு 1987. இவ்விரண்டுக்கும் இடையே எண்பது ஆண்டுகள் கிடக்கின்றன. திரைப்பட வரலாற்றில் இத்துணை நீண்ட நடிப்பு வாழ்வு மிக அரிது. ஆயினும் இவரைப் பற்றிப் பேசுவதற்கு ஆண்டுகளின் எண்ணிக்கை மட்டும் காரணமாகாது. பிறராக மாறிக் காட்டும் கலையே ஒருவருக்கு வாழ்வாகவும், பின்னர் அதுவே அவர்மீது சுமத்தப்பட்ட குற்றமாகவும், இறுதியில் அதுவே ஒரு நகரத்தின் நினைவாகவும் ஆன கதை இவருடையது.

கூர்ட் போய்ஸ் 1901ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 5ஆம் திகதி பேர்லின் நகரிலே யூதக் குடும்பமொன்றிற் பிறந்தார். அசையும் படம் என்னும் புதுமை அப்பொழுதுதான் தோன்றியிருந்தது. பேர்லினில் ஸ்கிளாடனோவ்ஸ்கி சகோதரரும் பாரிஸ் நகரில் லூமியேர் சகோதரரும் பொதுமக்களுக்குக் கட்டணம் பெற்றுப் படம் காட்டியது 1895ஆம் ஆண்டின் இறுதியிலாகும். ஆகவே திரைப்படம் இவருக்கு ஆறு வயதே மூத்தது எனலாம். இருவரும் ஒன்றாகவே வளர்ந்தார்கள்.

லியோ பால் என்பவர் இசையமைத்த இசைநாடகம் ஒன்றில், ஹைனர்லே என்னும் சிறுவன் வேடத்தை ஏற்று இவர் பேர்லின் மேடையேறிய போது ஏறத்தாழ ஏழு வயது. அந்நாளில் படங்களுக்கு ஒலியில்லை. எனினும் நாடகப் பாடல்களை முன்னதாகவே இசைத்தட்டிற் பதிந்து, தட்டு சுழலும் வேகத்துக்கு இசையப் படத்தையும் ஓட்டிக் காட்டும் ஒரு முறை ஜேர்மனியில் வழக்கிலிருந்தது. இந்த முறையிலே சிறுவன் போய்ஸும் படம்பிடிக்கப்பட்டார். 1909ஆம் ஆண்டில் 'சிறிய துப்பறிவாளன்' என்ற பொருள்படும் பெயருடைய படத்தில் அவரே தலைமை வேடம் தாங்கினார். உலகத் திரையின் முதற் குழந்தை நடிகர்களுள் ஒருவராக அவரைக் கணிப்பது இதனாலேயே. அவருடைய சகோதரி இல்சே போய்ஸும் பின்னாளில் மேடைக் கலைஞராகப் பெயர் பெற்றார்.

குழந்தை நடிகர்களுட் பலர் குரல் உடைந்து மீசை அரும்பும் வயதில் மறைந்துபோவது வழக்கம். போய்ஸ் மறையவில்லை. உயரமின்றி, மெலிந்த உடலும் அகன்ற கண்களும் உடைய இளைஞராக அவர் வளர்ந்தார். காதலனாக நடிப்பதற்கு அந்தத் தோற்றம் இடங்கொடுக்கவில்லை. ஆனால் அவருடைய கைகால்கள் இசைக்கருவி போல அவர் சொற்படி கேட்டன. ஒரு தோள் அசைவு, ஒரு புருவ நெளிவு, ஒரு கணத் தயக்கம் ஆகியவற்றால் ஒரு மனிதனின் குணத்தை முழுவதும் காட்டிவிடும் திறமை அவரிடம் இருந்தது. தொல்காப்பியர் மெய்ப்பாடு எட்டினையும் வகுத்தபோது நகையை முதலில் வைத்தார். நகையை முதற் கருவியாகக் கொண்டு ஏனைய மெய்ப்பாடுகளுக்கு வழி திறக்கும் நடிகர் உண்டு. போய்ஸ் அவ்வகையைச் சேர்ந்தவர்.

முதலாம் உலகப் போர் 1918இல் முடிந்து, 1933 வரை நிலவிய குடியரசுக் காலத்துப் பேர்லின், நாடகத்துக்கும் இசைக்கும் அங்கதத்துக்கும் ஐரோப்பாவின் தலைநகராக விளங்கியது. சிறிய அரங்குகளில் பாடலும் கேலியும் கலந்த கபரே நிகழ்ச்சிகள் இரவுதோறும் நடந்தன. போய்ஸ் அவ்வரங்குகளிற் பாடினார், ஆடினார், மக்களைச் சிரிக்க வைத்தார். 1919இல் எர்ன்ஸ்ட் லூபிட்ஸ் இயக்கிய 'சிப்பி இளவரசி' என்னும் ஊமைப்படத்தில் இவருக்கு வாத்தியக்குழுத் தலைவர் வேடம் கிடைத்தது. திருமண விருந்தில் ஒரு நடனம் தொற்றுநோய் போல மாளிகை முழுவதும் பரவும் காட்சி அது. இசைக்கு ஏற்பத் தம் முழு உடலையும் குலுக்கி ஆட்டும் அந்தத் தலைவரைப் பார்க்கும்போது, படத்தில் ஒலி இல்லை என்பதையே நாம் மறந்துவிடுகின்றோம்.

1926ஆம் ஆண்டில் ஹங்கேரி நாட்டு இயக்குநர் ஒருவர் தயாரித்த 'பொன் வண்ணத்துப்பூச்சி' என்ற படத்தில் போய்ஸ் நடனக்காரராக நடித்தார். அந்த இயக்குநர் பின்னர் அமெரிக்கா சென்று மைக்கல் கேர்ட்டிஸ் என்ற பெயருடன் புகழ் பெற்றவர். அவரை நாம் மீண்டும் சந்திப்போம். அடுத்த ஆண்டு, 1927இல், ரிச்சர்ட் ஐச்பேர்க் இயக்கிய 'பாப்பன்ஹைம் இளவரசன்' என்னும் நகைச்சுவைப் படம் வெளிவந்தது. ஆடை விற்பனை நிலையமொன்றிற் பணிபுரியும் இளைஞனாகப் போய்ஸ் இதில் வருகின்றார். அவனுடைய குடும்பப் பெயரே இளவரசன் என்று பொருள்படும் சொல்லாக இருப்பது படப்பெயரின் வேடிக்கை. ஒரு கட்டத்தில் அவ்விளைஞன் தானே பெண்ணாடை அணிந்து ஆடைக் காட்சியில் நடந்துவருகின்றான். பெண்வேடம் கட்டும் ஆண்களை ஐரோப்பிய மேடை பல நூற்றாண்டுகளாக அறியும். 'சார்லியின் அத்தை' என்ற ஆங்கில நகைச்சுவை நாடகத்திலும் இத்தகைய வேடமே உயிர்நிலை. அதனையும் நடித்துப் போய்ஸ் பெரும் பெயரெடுத்திருந்தார். மக்கள் சிரித்தார்கள்; மகிழ்ச்சியோடு வீடு சென்றார்கள். இந்தச் சிறிய காட்சியை நாம் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. பதின்மூன்று ஆண்டுகளின் பின்னர் இது வேறோர் உருவத்தில் வெளிவரப்போகின்றது.

1933ஆம் ஆண்டு ஜனவரி 30ஆம் திகதி ஹிட்லர் ஜேர்மனியின் பிரதமரானார். சில மாதங்களுக்குள்ளேயே யூதக் கலைஞருக்கு மேடைக் கதவுகள் அடைக்கப்பட்டன. அவ்வாண்டு செப்டெம்பரில் அமைக்கப்பட்ட அரச கலாசார மன்றத்தில் உறுப்பினராகாத எவரும் தொழில்முறையாக நடிக்க இயலாது என்ற விதி வந்தது; யூதரோ அம்மன்றத்திலிருந்து விலக்கப்பட்டனர். முப்பத்திரண்டு வயதில், புகழின் உச்சியில் நின்ற போய்ஸ் தாயகம் விட்டு நீங்கினார். 1934இல் அவர் நியூயோர்க் நகரை அடைந்தார்.

நாடு கடந்து செல்லும் கலைஞரின் நிலையை நாம் சற்று எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஓவியர் தம் தூரிகையை எடுத்துச் செல்லலாம். வயலின் வாசிப்பவர் எந்த நாட்டிலும் அதே வயலினை வாசிக்கலாம். நடிகரின் கருவியோ மொழியாகும். தாய்மொழியிலே ஒரு சொல்லை எங்கே நிறுத்துவது, எங்கே விழுங்குவது, எதனைச் சொல்லாமல் விடுவது என்பவற்றையெல்லாம் அவர் குழந்தைப் பருவத்திலிருந்தே கற்றவர். நகைச்சுவை நடிகருக்கு இது பன்மடங்கு உண்மை. நகைச்சுவை என்பது பெரும்பாலும் காலம் தப்பாத ஒரு சொல்லின் வெற்றியே. அக்கருவி முழுவதையும் எல்லையில் விட்டுவிட்டு, முப்பது வயதைக் கடந்த ஒருவர் புதிய மொழியொன்றைப் புதிதாகப் பேசத் தொடங்கும்போது, அவர் மீண்டும் ஒரு குழந்தையாகின்றார். ஆனால் அந்தக் குழந்தையைக் கண்டு மகிழ யாரும் காத்திருப்பதில்லை.

நியூயோர்க் மேடைகளில் சில காலம் பணியாற்றிய பின்னர், 1937ஆம் ஆண்டளவில் போய்ஸ் ஹொலிவூட் சென்றார். அங்கு படக்கம்பனிகள் பெரிய தொழிற்சாலைகளைப் போல இயங்கின. ஆண்டுதோறும் நூற்றுக்கணக்கான படங்கள் வெளிவந்தன. ஒவ்வொரு படத்துக்கும் கதாநாயகரைச் சூழ்ந்து நிற்பதற்கு விடுதிப் பணியாளர், தையற்காரர், சிகையலங்காரர், நடன ஆசிரியர், எழுதுவினைஞர் முதலியோர் வேண்டியிருந்தனர். ஐரோப்பிய உச்சரிப்போடு ஆங்கிலம் பேசுவோருக்கு இவ்வேடங்களே வாய்த்தன. 'ஹொலிவூட் ஹோட்டல்', 'நோத்ரே டாம் கூனன்', 'கவர் கேர்ள்' முதலிய பல படங்களிற் போய்ஸ் வந்துபோகின்றார். பேர்லினிலே தலைமை வேடம் தாங்கியவருக்கு இங்கே சில நிமிடங்கள். சில படங்களில் சில விநாடிகள். எவ்வேடத்தையும் அவர் அலட்சியமாகச் செய்ததாகத் திரையில் தெரியவில்லை.

இதற்கு அழியாத சான்று 1942ஆம் ஆண்டு நவெம்பரில் நியூயோர்க்கில் முதன்முதலாகத் திரையிடப்பட்ட 'கசபிளங்கா'. பிரெஞ்சு ஆட்சியிலிருந்த மொறொக்கோ நாட்டின் துறைமுக நகர் ஒன்றிலே, ஐரோப்பாவிலிருந்து தப்பி ஓடிவந்த மக்கள் அமெரிக்கா செல்வதற்கு அனுமதி கிட்டாது காத்திருக்கும் கதை அது. இயக்கியவர், முன்னே நாம் கண்ட மைக்கல் கேர்ட்டிஸ். ஹம்பிரி போகார்ட்டும் இங்கிரிட் பேர்க்மனும் தலைமை வேடங்களில் நடித்தனர். சிறு வேடங்களிலே தோன்றிய பலர் மெய்யாகவே நாசிகளுக்குத் தப்பி வந்த ஐரோப்பியர்கள். நாசி அதிகாரியாக நடித்த கொன்ராட் வைட், யூதப் பெண்மணி ஒருவரை மணந்து ஜேர்மனியை விட்டு வெளியேறிய நடிகர் என்பது குறிப்பிடத்தக்கது. தாம் எவருக்கு அஞ்சி ஓடினாரோ அவர் வேடத்தையே அவர் புனைய நேர்ந்தது.

போய்ஸுக்குக் கிடைத்தது ஒரு முடிச்சுமாறி வேடம். அந்தப் பாத்திரத்துக்குப் பெயர்கூட இல்லை. படத்தின் தொடக்கத்தில், கொலையொன்றைச் சாக்காகக் கொண்டு பொலிசார் நகரமெங்கும் அகதிகளை வளைத்துப் பிடிக்கின்றார்கள். வெளியூரிலிருந்து வந்த ஆங்கிலேயத் தம்பதியர் சிற்றுண்டிச்சாலையின் வெளியே அமர்ந்து, நடப்பது விளங்காது பார்த்திருக்கின்றனர். நேர்த்தியாக உடுத்த ஒருவர் அவர்களை அணுகி, நிலைமையை மிக்க பரிவுடன் விளக்குகின்றார். இந்நகரிலே கழுகுகள் எங்கும் நிறைந்திருக்கின்றன, எச்சரிக்கையாயிருங்கள் என்று அறிவுரை கூறிக்கொண்டே கணவரின் சட்டையோடு நெருங்கி நிற்கின்றார். பின்னர் விடைபெற்றுச் செல்கின்றார். சற்றுப் பொறுத்துத் தம் பையைத் தடவிய கணவர், பணப்பையை விடுதியில் மறந்து வந்துவிட்டதாகச் சொல்லிக்கொள்கின்றார். பிறகுதான் அவருடைய முகம் மாறுகின்றது.

இக்காட்சி ஒரு நிமிடத்துக்குச் சிறிது கூடுதலாக இருக்கலாம். ஆனால் கதையின் பெரும்பாரத்தை இது சுமக்கின்றது. இந்த ஊர் எத்தகையது, இங்கே அகதிகளின் நிலை யாது, நட்பும் வஞ்சமும் எவ்வளவு நெருக்கமாக வாழ்கின்றன என்பவற்றையெல்லாம் பார்வையாளர் இதிலேதான் முதலில் அறிந்துகொள்கின்றனர். போய்ஸ் இந்த முடிச்சுமாறியைக் கெட்டவனாகக் காட்ட முயலவில்லை. அவனுடைய பரிவு உண்மைப் பரிவைப் போலவே இருக்கின்றது, எச்சரிக்கையும் பொய்யன்று. அதனாலேயே நாம் சிரித்துக்கொண்டே சற்று அஞ்சுகின்றோம். படம் பிற்பகுதியை அடையும்போது இதே முடிச்சுமாறி விடுதிப் பணியாளர் மீது மோதிவிட்டு மன்னிப்புக் கேட்க, அவர் அவசரமாகத் தம் பைகளைத் தடவிப் பார்க்கும் காட்சி வருகின்றது. பார்வையாளர் அப்பொழுது சிரிக்க வேண்டுமாயின், முன்னர் ஒரு நிமிடமே கண்ட முகத்தை மறவாதிருத்தல் வேண்டும். அவர்கள் மறப்பதில்லை. குணசித்திர நடிப்பின் அளவுகோல் இதுவே.

அமெரிக்காவில் அவர் இவ்வாறு உழைத்துக்கொண்டிருந்த காலத்திலேயே, அவருடைய முகம் அவரறியாது பேர்லினில் வேறொரு பணிக்கு இழுத்து வரப்பட்டது. நாசிப் பிரசார அமைச்சின் ஏற்பாட்டில் பிரிட்ஸ் ஹிப்லர் என்பவர் தொகுத்து, 1940ஆம் ஆண்டு நவெம்பரில் வெளியான 'நித்திய யூதன்' என்னும் படம், யூத மக்கள்மீது வெறுப்பை வளர்ப்பதற்கென்றே செய்யப்பட்டது. 'பாப்பன்ஹைம் இளவரசன்' படத்தில் போய்ஸ் பெண்ணாடை அணிந்து தோன்றும் பகுதியை வெட்டியெடுத்து அதிற் சேர்த்தார்கள். யூதரின் ஒழுக்கக் கேட்டுக்கு அது சான்றாகக் காட்டப்பட்டது. அவ்வாறே பீற்றர் லொரே என்னும் மற்றொரு யூத நடிகர், 'எம்' என்ற படத்தில் கொலைகாரனாக நடித்த பகுதியும் எடுத்தாளப்பட்டது. கொலைகாரன் வேடத்தில் நடித்தவர், கொலையை உள்ளத்தால் விரும்பும் இனத்தவர் என்று காட்டுவதே அதன் நோக்கம்.

நடிப்புக்கும் பொய்க்கும் உள்ள வேறுபாட்டை இதனினும் தெளிவாக உணர்த்தும் நிகழ்ச்சியை நான் அறியேன். மேடையில் ஒருவர் வேடம் புனையும்போது, அது வேடம் என்பதைப் பார்ப்போரும் அறிவர், நடிப்பவரும் அறிவர். இருபாலாரும் உடன்பட்டே அந்த விளையாட்டு நடைபெறுகின்றது. அவ்வுடன்பாட்டை அறுத்து, வேடத்தையே ஆளின் இயல்பு என்றும், ஆளின் இயல்பையே அவன் இனத்தின் இயல்பு என்றும் கூறும்போது கலை மறைந்து பிரசாரம் பிறக்கின்றது. அப்படம் காட்டப்பட்ட ஆண்டுகளிலேயே இலட்சக்கணக்கான யூதர் கொலைக்களங்களுக்கு அனுப்பப்பட்டனர். ஒரு துண்டுப் படம் தனியே அதனைச் செய்யவில்லை என்பது உண்மை. ஆயினும் அண்டை வீட்டார் இழுத்துச் செல்லப்படும்போது மற்றவர்கள் சாளரத்தை மூடிக்கொள்வதற்கு மனத்தைப் பழக்கியவற்றுள் அதுவும் ஒன்று.

போர் 1945இல் முடிந்தது. 1949இல் ஜேர்மனி இரண்டு அரசுகளாகப் பிரிந்தது. புகலிடம் தேடிச் சென்ற கலைஞருட் பலர் திரும்பிவரவில்லை. தம்மைத் துரத்திய தெருக்களில் மீண்டும் நடப்பதற்கு அவர்கள் மனம் ஒப்பவில்லை. போய்ஸ் 1950ஆம் ஆண்டு பேர்லினுக்குத் திரும்பினார். காரணங்கள் பல இருந்திருக்கலாம். ஆனால் ஐம்பது வயதை நெருங்கும் நடிகர் ஒருவருக்குத் தாய்மொழியில் முழு வேடம் ஒன்றை ஏற்கும் வாய்ப்பு எத்தகையது என்பதை உணர்ந்துகொள்ள நமக்கு வேறு விளக்கம் வேண்டியதில்லை.

அவ்வேடம் கிழக்குப் பேர்லினிலே அவருக்குக் கிடைத்தது. பேர்டோல்ட் பிரெஹ்ட் என்னும் நாடகாசிரியரின் பெயர் இலங்கையர் அறிந்ததே. அவருடைய 'வெண்கட்டி வட்டம்' 1967இல் ஹென்றி ஜயசேனவால் சிங்கள மேடைக்குக் கொண்டுவரப்பட்டது. பிரெஹ்டும் அமெரிக்காவிற் புகலிடம் பெற்று வாழ்ந்து, பின்னர் பேர்லின் திரும்பித் தம் நாடகக் குழுவை அமைத்தவர். அக்குழு 1949இல் தன் முதல் நாடகமாக மேடையேற்றியது 'புந்திலாப் பிரபுவும் அவர் வேலையாள் மத்தியும்' என்பதாகும். பின்லாந்து நாட்டு நிலப்பிரபுவாகிய புந்திலா, குடிபோதையில் இருக்கும்போது எல்லோரிடமும் அன்பு காட்டுவார். வேலையாளைக் கட்டித் தழுவுவார். தம் மகளையே அவனுக்கு மணம் செய்து தருவதாகச் சொல்வார். போதை தெளிந்ததும் பழைய கொடியவராகி, இரவில் கொடுத்த வாக்கையெல்லாம் காலையில் மறுப்பார். இவ்வேடத்தை முதலில் லெயோனார்ட் ஸ்டெக்கல் என்பவர் ஏற்றிருந்தார். 1952இல் அது போய்ஸின் கைக்கு வந்தது. வேலையாள் மத்தியாக நடித்தவர் எர்வின் கெஷோனெக். நாசிகளின் வதைமுகாம்களிலிருந்து உயிர் மீண்டவர்.

புந்திலா வேடத்தில் ஓர் ஆபத்து உண்டு. குடிகாரப் பிரபுவின் வேடிக்கையிலே மக்கள் மயங்கி, அவர் நல்லவரே என்று முடிவு செய்துவிடலாம். நகைச்சுவையில் வல்ல நடிகருக்கு இவ்வாபத்து இன்னும் அதிகம். சிரிப்பை மூட்டவும் வேண்டும். அச்சிரிப்புத் தொண்டையிலே நிற்கவும் வேண்டும். கசபிளங்கா முடிச்சுமாறியை எண்ணிப் பார்த்தால், ஒரு நிமிடத்திலே இதே வித்தையைப் போய்ஸ் முன்னரே செய்திருந்தார் என்பது விளங்கும். அப்பொழுது கிடைக்காத இரண்டு மூன்று மணி நேரம் இப்பொழுது கிடைத்தது; அவருக்கே உரிய மொழியும் கிடைத்தது. அல்பேர்ட்டோ கவல்கன்ரி 1955ஆம் ஆண்டு ஒஸ்திரியாவில் இந்நாடகத்தைத் திரைப்படமாக்கியபோதும் போய்ஸே புந்திலாவாக நடித்தார். ஆகையால் அந்நடிப்பின் சாயலை இன்றும் நாம் காணலாம்.

1950களின் நடுப்பகுதியில் அவர் மேற்குப் பேர்லினுக்கு இடம் பெயர்ந்தார். கிழக்கிலே பணியாற்றியவர் என்ற ஐயம் மேற்கிலே அவரைத் தொடர்ந்தது. யூதர் என்று ஒரு காலம். அந்நியர் என்று மற்றொரு காலம். கிழக்கத்தியர் என்று இன்னொரு காலம். ஆயினும் அவர் தொழிலை விடவில்லை. 'ஸ்பெஸ்ஸார்ட் பேய்மாளிகை' என்னும் 1960ஆம் ஆண்டு நகைச்சுவைப் படத்தில் பேயாக வந்து சிறுவரை மகிழ்வித்தார். 1966இல் வொல்ப்காங் ஸ்ரௌடே இயக்கிய 'கள்வர் மானம்' என்ற படத்திலும் தோன்றினார்.

இக்காலத்திலேதான் தொலைக்காட்சி ஜேர்மன் வீடுகளுக்குள் நுழைந்தது. மேற்கு ஜேர்மனியில் ஒழுங்கான தொலைக்காட்சி ஒளிபரப்பு 1952ஆம் ஆண்டு நத்தார் தினத்தன்று ஆரம்பமாயிற்று. தொடக்கத்தில் நாடகங்கள் ஒளிப்பதிவு செய்யப்படாமல் நேரடியாகவே ஒளிபரப்பாயின. தவறினால் திருத்த இயலாது. மேடையிலே கடைசி வரிசைக்கும் கேட்கப் பேசிப் பழகியவர், இங்கே ஒரு கை தூரத்தில் நிற்கும் கமராவுக்கு ஏற்பக் குரலையும் முகத்தையும் அடக்கிக்கொள்ள வேண்டியிருந்தது. மேடைப் பயிற்சியும் திரைப் பயிற்சியும் ஒருங்கே பெற்ற முதிய நடிகருக்கு இது இயல்பாக வாய்த்தது. போய்ஸும் தொலைக்காட்சி நாடகங்களிற் பலமுறை தோன்றினார்.

எண்பது வயதில் அவருக்குக் கிடைத்த வேடம் அவருடைய வாழ்வோடு நேராகவே தொடர்புடையது. சுவிற்சர்லாந்து நாட்டு இயக்குநர் மார்க்குஸ் இம்ஹோவ் 1981இல் 'படகு நிறைந்துவிட்டது' என்ற படத்தை வெளியிட்டார். 1942ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில் சுவிஸ் அரசு யூத அகதிகளுக்கு எல்லையை அடைத்தது. அந்நாட்டு அமைச்சர் ஒருவர், தம் நாட்டை இடம் நிறைந்துவிட்ட சிறிய உயிர்காப்புப் படகுக்கு ஒப்பிட்டுப் பேசினார். படப்பெயர் அதிலிருந்தே பிறந்தது. தற்செயலாக ஒன்றுசேர்ந்த சில அகதிகள், சிறு குழந்தையுள்ள குடும்பத்துக்குத் தங்க இடமளிப்பர் என்று கேள்வியுற்று, தாம் ஒரே குடும்பம் என்று நடிக்கின்றார்கள். போய்ஸ் அவர்களுள் முதியவராக வருகின்றார். உயிர் பிழைப்பதற்காக நடிக்கும் மனிதரை அவர் நடித்துக் காட்டினார். இறுதியில் அவர்களுட் பெரும்பாலானோர் எல்லைக்கு அப்பால் திருப்பி அனுப்பப்படுகின்றனர். இப்படம் ஒஸ்கார் பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

அடுத்த ஆண்டு, புரூனோ கான்ஸ், ஒட்டோ சாண்டர் என்னும் புகழ் பெற்ற இரு நடிகர்கள், கூர்ட் போய்ஸுக்கும் பேர்ண்ஹார்ட் மினெற்றி என்னும் மூத்த மேடை நடிகருக்கும் காணிக்கையாக 'நினைவு' என்ற விவரணப் படத்தைத் தாமே எடுத்தார்கள். இளையவர் இருவர் முதியவர் இருவரின் முன் அமர்ந்து கேட்கும் குரு மரபை ஒத்த படம் அது. கான்ஸும் சாண்டரும் ஐந்து ஆண்டுகளின் பின் விம் வென்டர்ஸ் இயக்கிய 'பேர்லினுக்கு மேலுள்ள வானம்' என்ற படத்தில் தேவதூதர்களாக நடித்தபோது, போய்ஸும் அவர்களுடன் சேர்ந்தார்.

அப்படத்தில் அவருக்கு ஹோமர் என்று பெயர். கிரேக்கப் பெருங்கவியின் பெயர். நூலகத்தின் படிகளில் மூச்சிரைக்க ஏறி, மனிதர்க்குக் கதை சொல்ல இனி யார் உள்ளார் என்று எண்ணி வருந்தும் முதியவர். ஒருநாள் அவர் பொட்ஸ்டாமர் சதுக்கத்தைத் தேடிச் செல்கின்றார். போருக்கு முன்னர் அச்சதுக்கம் ஐரோப்பாவின் நெரிசல் மிகுந்த சந்திகளுள் ஒன்று. 1924இலேயே அங்கே போக்குவரத்து விளக்குக் கோபுரம் எழுந்தது. குண்டு வீச்சில் அது சிதைந்தது. 1961இற் கட்டப்பட்ட பேர்லின் மதில் அதனை ஊடறுத்துச் சென்றது. எஞ்சியது புல் முளைத்த வெளி. அந்த வெளியிலே, தாம் காப்பி அருந்திய கடை எங்கே, புகையிலை வாங்கிய கடை எங்கே என்று முதியவர் தேடுகின்றார். காணவில்லை. யாரோ எறிந்துவிட்ட பழைய சாய்மனைக் கதிரை ஒன்றில் அமர்கின்றார். ஆயினும் தேடலைக் கைவிட மறுக்கின்றார். சாண்டர் நடிக்கும் தேவதூதர் அவர் கண்ணுக்குப் புலப்படாது உடன் நடக்கின்றார்.

வேடம் ஏற்றவர் அப்பொழுது எண்பத்தைந்து வயதைக் கடந்திருந்தார். அந்தச் சதுக்கத்தின் சந்தடியை இளமையிலே கண்ணாரக் கண்ட பேர்லின்வாசி அவர். ஆகவே இங்கே வேடம் எங்கே முடிகின்றது, மனிதர் எங்கே தொடங்குகின்றார் என்று பிரித்துரைத்தல் அரிது. ஒரு காலத்தில் அவருடைய வேடத்தையும் அவரையும் ஒன்றாக்கி அவர்மீது பழி சுமத்திய அதே நகரம், இப்பொழுது வேடமும் அவரும் ஒன்றானமையினாலேயே தன் இழப்பை உணர்ந்துகொண்டது. 1988ஆம் ஆண்டு மேற்குப் பேர்லினில் முதன்முறையாக வழங்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்படப் பரிசுகளில், சிறந்த துணை நடிகருக்கான பரிசு கூர்ட் போய்ஸுக்கு அளிக்கப்பட்டது. துணை நடிகர் என்ற சொல்லுக்கு எண்பது ஆண்டுகளாகப் பொருள் தந்துகொண்டிருந்தவருக்கு அது பொருத்தமான பட்டமே.

மறு ஆண்டு, 1989 நவெம்பர் 9ஆம் திகதி, பேர்லின் மதில் திறந்தது. முதியவர் தேடிய சதுக்கத்தின் ஊடாக மக்கள் மீண்டும் நடந்தார்கள். போய்ஸ் அதனையும் கண்டார். பேரரசன் காலத்துப் பேர்லினிற் பிறந்து, குடியரசையும் சர்வாதிகாரத்தையும் பிரிவினையையும் கடந்து, ஒன்றுபட்ட பேர்லினிலே 1991 டிசெம்பர் 25ஆம் திகதி தம் தொண்ணூறாவது வயதில் அவர் காலமானார்.

திரைப்படத்தை நாம் பொழுதுபோக்காகவே பார்க்கின்றோம்; அதில் தவறில்லை. ஆனால் அடுத்த முறை ஒரு படத்தைப் பார்க்கும்போது, தேநீர்த் தட்டை ஏந்தி வருபவரையும், கதவைத் திறந்து விடுபவரையும், ஒரு வார்த்தை பேசிவிட்டு மறைபவரையும் சற்று உற்று நோக்குவோமாக. அந்த ஒரு வார்த்தையைச் சரியாகப் பேசுவதற்கு அவர் எந்த ஊரிலிருந்து, எவற்றையெல்லாம் இழந்து வந்திருக்கின்றார் என்பது நமக்குத் தெரியாது. கூர்ட் போய்ஸ் அந்த ஒரு நிமிடத்தை ஒருபொழுதும் சிறிதென்று எண்ணி நடிக்கவில்லை. நடிகர்க்கு மாத்திரமன்றி, பெயர் அறியப்படாமற் பணி செய்யும் எவர்க்கும் அது போதிய ஆறுதலாகும்.